இ.சி. (வில்லங்கச் சான்று) சுத்தமாக இருந்தது, இடத்தில் பாதி வேறொருவருடையது

கடலூர் கூத்தப்பாக்கம் பக்கம் மனை பார்த்துக்கொண்டிருப்பவர்கள் கொஞ்சம் கவனியுங்கள். பத்திரம் பதிந்து, பணம் முழுவதும் கைமாறி, பட்டா மாற்றத்துக்கு மனு போட்ட பிறகுதான், நான் வாங்கிய இடத்தில் தென்பாதி வேறொருவருக்குச் சொந்தம் என்று தெரிய வந்தது.

விற்றவர்கள் அண்ணன் தம்பி இருவர். தாத்தா வாங்கிய சொத்து, அப்பா பெயரில் பட்டா, வாரிசுச் சான்று, இ.சி. எல்லாம் பக்காவாக வைத்திருந்தார்கள். 1968-ஆம் வருட மூலப் பத்திரம் மட்டும் ஜெராக்ஸ். “ஒரிஜினல் 2015 வெள்ளத்துல போயிடுச்சு சார்” என்றார்கள். கடலூரில் அந்தக் காரணத்தை யார் சந்தேகப்படுவார்கள்? இருந்தாலும் கட்டணம் கொடுத்து ஒரு வக்கீலிடம் லீகல் ஒப்பீனியன் கேட்டேன். நாலு பக்கம் டைப் அடித்து, ‘வில்லங்கமற்ற தெளிவான உரிமை உள்ளது’ என்று முத்திரை குத்திக் கொடுத்தார்.

பட்டா மாற்ற விசாரணைக்குப் பண்ருட்டியிலிருந்து ஒரு வயதான அம்மா மஞ்சள் பையோடு வந்தார். விற்றவர்களுக்கு அத்தை. “எங்கப்பா எனக்கு எழுதிக் குடுத்தது தம்பி” என்று 1972-ஆம் வருடத் தான செட்டில்மென்ட் பத்திரத்தை எடுத்து வைத்தார். அதோடு, வெள்ளத்தில் போனதாகச் சொன்ன அந்த 1968 ஒரிஜினலும் பைக்குள்ளிருந்து வந்தது! கடைசித் தாளைத் திருப்பினால் தாத்தாவின் கையெழுத்தோடு, மசி பழுப்பேறிய நாலு வரிக் குறிப்பு: வடபாதி மகனுக்கு, தென்பாதி மகளுக்கு, இன்ன பத்திர எண்கள்படி. எனக்குக் காட்டிய ஜெராக்ஸில் முன்பக்கங்கள் மட்டும்தான் இருந்தன. பின்பக்கம் ஒன்றுகூடக் கிடையாது.

அப்படியானால் வக்கீல் பார்த்தது என்ன? பதிவுத்துறை இணையதளத்தில் இப்போதைய சர்வே உட்பிரிவு எண்ணைப் போட்டு இ.சி. எடுத்திருக்கிறார், அவ்வளவுதான். அவருக்குக் கணினியில் வந்த இ.சி. 1975-லிருந்துதான். அதற்கு முந்தையதற்குச் சார்பதிவாளர் அலுவலகத்தில் தனியாக மனுப் போட்டு, பழைய அட்டவணைப் புத்தகங்களில் கையால் தேடி வாங்க வேண்டும். அதையும் பழைய சர்வே எண்ணுக்குத் தேட வேண்டும். இந்த உட்பிரிவு 1980-களில் யு.டி.ஆர். (நில உடைமைப் பதிவுகளைப் புதுப்பித்த திட்டம்) சமயத்தில் வந்தது, மொத்த இடத்துக்கும் மகன் பெயரில் பட்டா போட்டதும் அப்போதுதான். பட்டா வருவாய்த்துறைக் கணக்கு, உரிமைப் பத்திரம் ஆகாது. இது வக்கீலுக்குத் தெரியாதா என்ன? கேட்டால் “அதான் பட்டா இருக்கே சார்” என்கிறார். ஒப்பீனியனின் கடைசி வரியைக் காட்டுகிறார்: ‘காட்டப்பட்ட நகல்களின் அடிப்படையில் மட்டும்’. நகலைப் படித்துச் சொல்ல எனக்கு எதற்கு வக்கீல்?

‘பத்திரம் பதிவாகிவிட்டதே, அரசாங்கமே பார்த்துத்தானே பதிந்தது’ என்று பலர் கேட்கிறார்கள். முந்தைய ஒரிஜினல் பத்திரத்தைக் காட்டாவிட்டால் பதியக் கூடாது என்ற தமிழ்நாட்டுப் பதிவு விதி 55-ஏ(1)-ஐ 2025 ஏப்ரலில் ரத்து செய்தபோது உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது: விற்பவருக்கு உரிமை இருக்கிறதா என்று ஆராய்வது சார்பதிவாளரின் வேலை இல்லை. முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 2, ஆக 9 சதவீதம் கட்டினேன். அந்தப் பணம் உரிமைக்கு எந்த உத்தரவாதமும் தரவில்லை.

அந்த அம்மாமேல் எனக்கு வருத்தம் இல்லை, அவர் பங்கு அவருக்கு. பணத்தைக் கேட்டு அண்ணன் தம்பிமேல் மஞ்சக்குப்பம் கோர்ட்டில் வழக்குப் போட்டிருக்கிறேன். இதற்கிடையில் அவர்கள் ஒட்டியுள்ள இன்னொரு துண்டு நிலத்துக்கு அட்வான்ஸ் வாங்கியதாகக் கேள்வி. உங்களிடம் யாராவது ‘பட்டா கிளியர், இ.சி.யில் வில்லங்கம் நில் (எதுவும் இல்லை)’ என்று வந்தால், முதல் பத்திர வருடத்திலிருந்து பழைய சர்வே எண்ணுக்கு மேனுவல் இ.சி. போடுங்கள். மூலப் பத்திரத்துக்கும் இ.சி.யில் வரும் ஒவ்வொரு பத்திரத்துக்கும் சார்பதிவாளர் அலுவலகச் சான்றிட்ட நகலை நீங்களே எடுங்கள். ஒரிஜினலைக் காட்டினால் பின்பக்கத்தையும் படியுங்கள். வக்கீலிடம் கொடுக்கும்போது, இதையெல்லாம் பார்த்துத்தான் ஒப்பீனியன் தருகிறேன் என்று அதிலேயே எழுதி வாங்குங்கள். எழுத மறுத்தால் வேறு வக்கீலைப் பாருங்கள்.