ஜான் கிளீஸ்: குறுநாடகமா, விடுதித் தொடரா?

பிரிட்டிஷ் நகைச்சுவை நடிகர் ஜான் கிளீஸ் பிபிசிக்காக எழுதி நடித்தவற்றுள், 1969இல் தொடங்கிய 'மான்டி பைத்தான்' குறுநாடக நிகழ்ச்சியையும் 1975இல் வந்த, ஒரு விடுதியில் நடக்கும் 'ஃபால்ட்டி டவர்ஸ்' தொடரையும் அருகருகே வைத்தால், பின்னதே எனக்கு உயர்ந்ததாகப் படுகிறது. முன்னதில் கிரஹாம் சாப்மனுடன் எழுதிய கிளிக் காட்சி, செத்த கிளியைக் கடை மேசையில் அடித்துக் காட்டும் வாடிக்கையாளரின் கோபத்தை மட்டுமே நம்பி நிற்கிறது. முடிவு கிடைக்காவிட்டால் அடுத்த காட்சிக்குத் தாவிவிடலாம். (பழையதையே திரும்பச் செய்கிறோம் என்ற சலிப்பில், நான்காம் பருவத்தில் கிளீஸ் நடிக்கவில்லை.) கோனி பூத்துடன் எழுதிய தொடரிலோ, நின்றுபோன காரை மரக்கிளையால் விடுதி உரிமையாளர் பேசில் (கிளீஸ்) விளாசுவதற்கு முன்பே, சிறப்பு விருந்து, குடித்துச் சாய்ந்த சமையல்காரர், வெளியிலிருந்து கொண்டுவர வேண்டிய வாத்து எனக் காரணங்கள் ஒவ்வொன்றாக அடுக்கப்பட்டிருக்கின்றன. இப்படிக் கட்டுவதற்கு நாள் பிடிக்கும். 1979இல் தொடர் முடிந்தபோது மொத்தம் 12 அத்தியாயங்களே இருந்தன, பைத்தானுக்கோ 45.