கூ சி சுரங்கப் பாதை டூர்: தாராளமாகப் போகலாம், ஆனால் கேள்வி கேட்டால்தான் முழுக் கதை கிடைக்கும்

திருச்சியிலிருந்து நேரடி விமானம் வந்த பிறகு வியட்நாமின் ஹோ சி மின் நகரத்துக்கு (பழைய சைகோன்) போகிற நம்மவர்கள் ரொம்பவே அதிகமாகிவிட்டார்கள். போய் வந்த எல்லோரும், வியட்நாம் போரில் அமெரிக்காவை எதிர்த்த கெரில்லாக்கள் ஒளிந்திருந்து போரிட்ட கூ சி சுரங்கத்தின் வாயில் இடுப்பளவு இறங்கி, மூடியைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்து ஒரு போட்டோ போடுகிறார்கள். அந்த டூரில் என்ன காட்டுகிறார்கள், எதைத் தாண்டிப் போய்விடுகிறார்கள் என்று விவரமாக யாரும் எழுதி நான் படித்ததில்லை. அதனால் எழுதுகிறேன், கொஞ்சம் நீளமாகத்தான் வரும்.

நானும் மச்சானும் எடுத்தது முழுநாள் டூர். காலையில் சுரங்கம், மதியம் சாப்பாடு, அப்புறம் ஊருக்குள் இருக்கும் போர் எச்சங்கள் அருங்காட்சியகம். ஹோட்டல் வாசலுக்கே வேன் வந்துவிட்டது, பன்னிரண்டு பேர்தான், ஏசி நன்றாக இருந்தது. கைடுக்கு அறுபதை ஒட்டிய வயது, நிதானமாகப் புரிகிற மாதிரி ஆங்கிலம் பேசினார். இந்த டூருக்கு நான் கொடுக்கிற மதிப்பெண் கூடியதே அவரால்தான்.

முதலில் சுரங்கம். கூ சியில் சுற்றுலாப் பயணிகளுக்கென்று இரண்டு இடங்கள் உண்டு, பென் தின், பென் யூக். பெரும்பாலான டூர்கள் போவது பென் தின்னுக்கு, எங்களையும் அங்கேதான் கூட்டிப் போனார்கள். 250 கிலோமீட்டர் நீளத்துக்குத் தரைக்கு அடியில் தோண்டிய வலைப்பின்னல் என்று சொல்கிறார்கள், மூன்று அடுக்கு, அதில் சமையல்கட்டு, மருத்துவ அறை, கூட்டம் போடுகிற அறை எல்லாம் உண்டு. சமையல் புகையைப் பல அறைகள் வழியாகச் சுற்றவிட்டு, மெலிந்து தரையோடு தரையாகத் தூரத்தில் வெளிவரும்படி செய்திருக்கும் அடுப்பை அரை மணி நேரம்கூட நின்று பார்க்கலாம். காற்றுத் துளைகளைக் கறையான் புற்றுக்குள் மறைத்திருக்கிறார்கள். மோப்ப நாய் கண்டுபிடிக்காமலிருக்க, அமெரிக்கச் சிப்பாய்களிடமிருந்து கிடைத்த சோப்பையும் பழைய சட்டையையும் அந்தத் துளைகளின் பக்கத்தில் போட்டுவைப்பார்களாம். வெறும் மண்வெட்டியும் கூடையும் வைத்துக்கொண்டு செய்த வேலை இது.

உள்ளே நூறு மீட்டர் அளவு நாம் தவழ்ந்து போகலாம், இடையிடையே வெளியே ஏறிவர வழி இருக்கிறது. நமக்காக அகலப்படுத்தியதே அந்த அளவுதான். மச்சான் முதல் வழியிலேயே ஏறிவிட்டார். முழங்கால் வலி, மூச்சுத்திணறல் உள்ளவர்கள் தயவுசெய்து இறங்க வேண்டாம். கடைசியில் அவித்த மரவள்ளிக்கிழங்கும் தொட்டுக்கொள்ள வேர்க்கடலை உப்புப் பொடியும் தருகிறார்கள். நம் வீட்டுக் கிழங்கு ருசியேதான், இரண்டு தட்டு சாப்பிட்டேன்.

இது வரைக்கும் எல்லா டூரிலும் கிடைக்கும். எனக்கு முக்கியமாகப் பட்டது வேறு. நான் பல வருடமாக ராணுவ வரலாறு படிக்கிறவன், இந்த இடத்தைப் பற்றி ஒரு கேள்வியோடுதான் போனேன். இவ்வளவு அடி வாங்கிய பிறகு அமெரிக்க ராணுவம் என்ன கற்றுக்கொண்டு வீட்டுக்குப் போனது? டூரில் இதைப் பற்றி ஒரு வரி கிடையாது. 1975 ஏப்ரல் 30-ம் தேதி வட வியட்நாம் டாங்கி சைகோனில் தென் வியட்நாம் அதிபரின் அரண்மனைக்குள் நுழைகிறது, அதோடு கதை முடிகிறது. ஆனால் அந்த டாங்கி நுழைந்த பிறகுதான் இரண்டு பக்கமும் நிஜமான மாற்றமே நடந்தது என்பது என் எண்ணம்.

கூ சியிலிருந்து சைகோன் ஆற்றுக்கு அந்தப் பக்கம் பென் சுக் என்ற கிராமம் இருந்த இடம். 1967 ஜனவரியில் சீடர் ஃபால்ஸ் என்று பெயர் வைத்து ஏறத்தாழ 30,000 அமெரிக்க, தென் வியட்நாம் சிப்பாய்களை இந்தப் பகுதியில் இறக்கினார்கள். பென் சுக் ஊரையே காலி செய்து, சுற்றுவட்டாரத்தையும் சேர்த்துச் சுமார் 6,000 பேரை லாரியிலும் படகிலும் ஏற்றி அனுப்பிவிட்டு, வீடுகளைப் புல்டோசரால் தரைமட்டமாக்கினார்கள். பெரிய வெற்றி என்று அறிவித்தார்கள். அந்தப் படை விலகியதும் கெரில்லாக்கள் திரும்பி வந்துவிட்டார்கள். சரியாக ஒரு வருடம் கழித்து 1968-ல் டெட் என்ற வியட்நாம் புத்தாண்டு சமயத்தில் நடந்த பெரிய தாக்குதலில் சைகோனுக்குள் புகுந்தவர்கள் கூடித் தயாரான இடங்களில் இந்தப் பகுதியும் ஒன்று.

பென் சுக்கில் இறங்கியது அமெரிக்காவின் முதலாம் காலாட்படை டிவிஷன். அப்போது அதன் தளபதி வில்லியம் டிபியூ. இந்தப் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். தேடிப் பிடித்து அழிக்கிற போர்முறையை வகுத்தவர்களில் அவரும் ஒருவர். 1973-ல் ராணுவத்தின் பயிற்சிக்கும் போர்க் கோட்பாட்டுக்கும் என்று தனித் தலைமையகம் உருவாக்கியபோது அதன் முதல் தளபதியாக உட்கார்ந்தவரும் இவரேதான். 1976-ல் அவர் மேற்பார்வையில் வந்த புதிய போர்க் கையேட்டின் மையம் ஐரோப்பா, சோவியத் டாங்கிகள், 1973 அரபு-இஸ்ரேல் போரில் ஏவுகணைகள் டாங்கிகளைத் துவம்சம் செய்த விதம். அவரே தளபதியாக நின்று பார்த்த இந்தக் காட்டுக்கும், புற்றுக்குள் மூச்சு விட்டவர்களுக்கும் அதில் இடமில்லை.

இதை வெறும் மறதி என்று நான் நினைக்கவில்லை. அது ஒரு முடிவு. இந்த மாதிரிப் போர் இனி நமக்கு வேண்டாம், நமக்குத் தெரிந்த பெரிய போருக்குத் தயாராவோம் என்று எடுத்த முடிவு. ஓய்வுபெற்ற ஜெனரல் ஜாக் கீன் பின்னாளில், இராக்கில் நிலைமை கைமீறிப் போன சமயத்தில், வெளிப்படையாகச் சொன்னார், வியட்நாமுக்குப் பிறகு கெரில்லாப் போர் சம்பந்தப்பட்ட எல்லாவற்றையும் துடைத்தெறிந்துவிட்டோம், அது நாங்கள் தோற்ற போரோடு சேர்ந்த விஷயம் என்பதால், என்று.

இன்னொரு பக்கம், கற்றுக்கொண்டதும் நிறைய என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். கட்டாய ராணுவ சேவையை 1973-ல் நிறுத்தி முழுக்க விருப்பப்பட்டுச் சேருகிறவர்களின் ராணுவமாக மாறினார்கள். வான்சண்டையில் அடி வாங்கியதால் கடற்படை 1969-லும் விமானப்படை 1975-லும் நிஜப் போர் போலவே பயிற்சி தருகிற பள்ளிகளையும் ஒத்திகைகளையும் தொடங்கின. பல வருடம் குண்டு போட்டும் விழாத, வட வியட்நாமின் 'தான் ஹோவா' என்ற பாலத்தை 1972-ல் லேசர் வழிகாட்டும் குண்டு சாய்த்தது, அந்தத் தொழில்நுட்பம்தான் பின்னால் அமெரிக்க விமானப் போரின் முகமாக ஆனது. வியட்நாமில் படைகளை நடத்திய கிரைட்டன் ஏப்ரம்ஸ் ராணுவத் தலைமைத் தளபதியானதும், முக்கியமான ஆதரவுப் பிரிவுகள் பலவற்றை ரிசர்வ் படையில் வைத்தார். இனி ஊர் ஊராக வேலைக்குப் போகிற சாதாரண ஆட்களைக் கூப்பிடாமல் பெரிய போருக்குப் போக முடியாது என்ற நிலை அதனால் வந்தது (அதற்காகவேதான் செய்தாரா என்பதில் விவாதம் உண்டு). 1984-ல் பாதுகாப்பு அமைச்சர் வைன்பெர்கர் ஆறு நிபந்தனைகளை வைத்தார். நாட்டு நலன் உண்மையில் பாதிக்கப்படுகிறதா, ஜெயிக்கிற எண்ணத்தோடு முழுப் பலத்தோடு போகிறோமா, குறிக்கோள் தெளிவா, மக்கள் ஆதரவு உண்டா என்றெல்லாம். அவருக்கு அப்போது ராணுவ உதவியாளராக இருந்தவர் காலின் பவல், வியட்நாமில் இரண்டு முறை பணியாற்றியவர். 1991 வளைகுடாப் போரில் ஐந்து லட்சத்துக்கும் மேற்பட்ட அமெரிக்கப் படையினர், தரைப்போர் 100 மணி நேரம், பாக்தாத் வரை போகாமல் நிறுத்தம். கூ சியில் பட்ட காயம் எவ்வளவு தூரம் வேலை செய்திருக்கிறது என்று பாருங்கள்.

ஆனால் எதிரி அதே மாதிரிப் போருக்கே வருவான் என்று எழுதி வைத்திருக்கிறதா என்ன? 2003-ல் இராக்கில் அரசு விழுந்த பிறகு சாலையோரக் குண்டுகளும் தெருச் சண்டையும் தொடங்கியபோது, அந்த ராணுவத்திடம் எடுத்துப் படிக்கச் சரியான கையேடு இல்லை. கிளர்ச்சி எதிர்ப்புப் போருக்கான புதிய கையேடு வந்தது 2006 டிசம்பரில்தான். அதை முன்னின்று எழுதவைத்த டேவிட் பெட்ரேயஸ் 1987-ல் பிரின்ஸ்டனில் முனைவர் பட்டத்துக்கு எடுத்துக்கொண்ட தலைப்பே வியட்நாமிலிருந்து அமெரிக்க ராணுவம் எடுத்துக்கொண்ட பாடங்கள். கையேடு வருவதற்குள் எத்தனை சிப்பாய்கள், எத்தனை இராக்கியக் குடும்பங்கள் செத்தார்கள் என்பதை நினைத்தால் மனசு கனக்கிறது. அப்புறம் 2018-ல் மறுபடி சீனா, ரஷ்யா என்று பெரிய நாடுகள் பக்கம் திரும்பிவிட்டார்கள், 2021-ல் ஆப்கானிஸ்தானை விட்டுக் கிளம்பினார்கள். 1976-ல் நடந்ததையே இன்னொரு தடவை செய்கிறார்களோ என்ற பயம் எனக்கு இருக்கிறது.

சரி, டூருக்கு வருகிறேன். மதியம் அருங்காட்சியகம். முற்றத்தில் ஹெலிகாப்டர், டாங்கி, போர் விமானம் வரிசையாக நிற்கின்றன, எல்லாரும் அங்கேதான் நேரம் செலவழிக்கிறார்கள். மேல்மாடிக்குக் கண்டிப்பாகப் போங்கள். போரில் இறந்த இரு தரப்புப் புகைப்படக்காரர்களின் படங்களும், ஏஜென்ட் ஆரஞ்சு (அமெரிக்கா காடுகள் மேல் தெளித்த நச்சுக் களைக்கொல்லி) பாதிப்பு அறையும் அங்கே. சின்னக் குழந்தைகளைக் கூட்டிப் போக வேண்டாம். 1975-ல் திறந்தபோது இதன் பெயரிலேயே அமெரிக்கக் குற்றங்கள் என்று இருந்தது, அமெரிக்காவோடு உறவு சீரான 1995-ல்தான் இப்போதைய பெயர்.

சாப்பாட்டு நேரத்தில்தான் நான் கைடிடம் கம்போடியா பற்றிக் கேட்டேன். 1978 டிசம்பரில் வியட்நாம் படை கம்போடியாவுக்குள் போய் இரண்டே வாரத்தில் பால் பாட் அரசை வீழ்த்தியது, அந்தக் கொலைகார ஆட்சி முடிந்தது நல்லதுதான். ஆனால் அதற்குப் பிறகு லட்சத்துக்கும் மேற்பட்ட படையோடு 1989 வரை அங்கேயே இருக்க வேண்டியதாகிவிட்டது. தாய்லாந்து எல்லையிலிருந்து வந்து அடித்துவிட்டு ஓடுகிற கெரில்லாக்களை இந்தச் சுரங்கம் தோண்டிய நாட்டின் படை துரத்திக்கொண்டிருந்தது. கைடு சிறிது நேரம் பேசவே இல்லை. அப்புறம் சொன்னார், தானே 1985-ல் கட்டாய சேவையில் அங்கே போனவர் என்று. ரோட்டை விட்டு ஒரு அடி இறங்கி ஒன்றுக்குப் போகக்கூட பயமாம், அவ்வளவு கண்ணிவெடி. பகலில் இவர்களுக்கு வாழைப்பழம் விற்ற கிழவி, ராத்திரி யார் வந்தார்கள் என்று கேட்டால் வாயைத் திறக்க மாட்டாராம். கூட இருந்தவர்களில் குண்டடி பட்டவர்களைவிட மலேரியாவில் படுத்தவர்களைத்தான் அதிகம் பார்த்தாராம். இதை அவர் டூரில் சொல்வதில்லை, யாரும் கேட்பதில்லை என்றார்.

அந்தப் பதினொரு வருடம் வியட்நாமையும் மாற்றியது. பன்னிரண்டு லட்சத்தைத் தொட்ட படையை எண்பதுகளின் கடைசியிலிருந்து ஏறத்தாழ பாதியாகக் குறைத்தார்கள், பொருளாதாரம் முதலில் என்று 1986-ல் எடுத்த பாதைக்கு அது தேவைப்பட்டது. 2019 பாதுகாப்பு வெள்ளை அறிக்கையில் நான்கு மறுப்புகளை எழுதியே வைத்திருக்கிறார்கள்: ராணுவக் கூட்டணியில் சேர மாட்டோம், ஒரு நாட்டோடு சேர்ந்து இன்னொரு நாட்டை எதிர்க்க மாட்டோம், அந்நியத் தளத்துக்கு இடம் தர மாட்டோம், பலத்தைப் பயன்படுத்தவோ பயமுறுத்தவோ மாட்டோம். அந்தக் கைடின் முகத்தைப் பார்த்த பிறகு இந்த நாலு வரியும் எனக்கு வேறு மாதிரி கேட்கிறது.

இனி குறைகள். சுரங்கத்தில் எங்களுக்குக் கிடைத்தது ஒன்றரை மணி நேரம், வழியில் ஒரு கைவினைப் பொருள் கடையில் நிறுத்தியது முக்கால் மணி நேரம். அங்கே வேலை செய்கிறவர்கள் மாற்றுத்திறனாளிகள், வேலை அருமை, வாங்க விருப்பம் உள்ளவர்கள் வாங்கலாம். ஆனால் பதிவு செய்யும்போது இந்த நிறுத்தம் பற்றி நிறுவனம் சொல்லவே இல்லை, கேட்டதற்கு எல்லா வண்டியும் நிற்கும் என்று பதில். அடுத்தது துப்பாக்கி சுடும் இடம். காசு கொடுத்துத் தோட்டா வாங்கி ஏகே 47, எம் 16 சுடலாம். எனக்கு அது பிடிக்கவே இல்லை. செத்தவர்கள் மண்ணுக்கு மேல் நின்று, ஒரு கையில் ஐஸ்கிரீமோடு வரிசையில் நிற்கிறார்கள், அந்தச் சத்தத்தில் பக்கத்தில் கைடு சொல்வது காதில் விழவில்லை. மதியச் சாப்பாடு சுமார், சைவம் என்று முன்கூட்டியே சொல்லியும் மீன் சாஸ் ஊற்றிய காய்தான் வந்தது, மச்சான் வெறும் சோறும் வாழைப்பழமும் சாப்பிட்டார்.

ஐந்துக்கு மூன்றரை. கைடு இல்லாவிட்டால் இரண்டரைதான். எடுக்கிறவர்கள் சின்னக் குழு டூராகவே எடுங்கள், கைடு வயதானவராகக் கிடைத்தால் அதிர்ஷ்டம், சாப்பாட்டு மேஜையில் அவர் பக்கத்தில் உட்காருங்கள். ராணுவ வரலாற்றில் ஆர்வம் உள்ளவர்கள் பென் தின்னை விட்டு, கொஞ்சம் தூரம் அதிகமானாலும் பென் யூக்குக்குத் தனி வண்டி வைத்துப் போங்கள். கூட்டம் குறைவு, இறந்த நாற்பதாயிரத்துக்கும் மேற்பட்டவர்களின் பெயர்களைச் செதுக்கிய நினைவாலயமும் அங்கேதான். எங்களுக்கு நேரம் இல்லாமல் போய்விட்டது, அடுத்த முறை முதலில் அங்கேதான் போவேன். காலை ஏழு மணிக்கே கிளம்புங்கள், தண்ணீர் பாட்டில் இரண்டு, கொசு மருந்து, சைவம் என்றால் கையோடு ஏதாவது சாப்பாடு.