மாதம் 989 மிச்சமா, 6.85 லட்சம் கூடுதலா? வீட்டுக் கடன்களை அருகருகே வைத்துப் பார்ப்போம்

ஒரே தொகை, ஒரே வட்டி. ஒருவர் மாதம் 8,678 கட்டுகிறார், இன்னொருவர் 7,689 கட்டுகிறார். வீட்டுக் கடன் வாங்கப் போகிறவர் கண்ணில் முதலில் படுவது இந்த 989 வித்தியாசம்தான். மாதாமாதம் கையில் நிற்கிற பணமாயிற்றே என்று மனம் இரண்டாவதன் பக்கம் சாய்ந்துவிடும். ஆனால் கடன் முடிகிற நாளில் கூட்டிப் பார்த்தால், இரண்டாமவர் 6.85 லட்சம் அதிகமாக வட்டி கட்டியிருப்பார். முதலாமவரின் கடன் 20 ஆண்டு, இரண்டாமவருடையது 30 ஆண்டு. இருவரும் வாங்கியது வெறும் 10 லட்சம்.

இந்த அலசல் முழுவதும் அந்த 10 லட்சத்தையே வைத்துக்கொள்கிறேன். உங்கள் கடன் ஐந்து மடங்கு என்றால் எல்லா எண்களையும் ஐந்தால் பெருக்கிக்கொள்ளுங்கள். எந்த நாணயமாக இருந்தாலும் விகிதம் மாறாது. வட்டி ஆண்டுக்கு 8.5 சதவீதம், மீதியிருக்கும் அசல்மீது மாதந்தோறும் கணக்கிடப்படுவது.

| கடன் காலம் | மாதத் தவணை | மொத்த வட்டி | மொத்தம் கட்டுவது |
|---|---|---|---|
| 15 ஆண்டு | 9,847 | 7.73 லட்சம் | 17.73 லட்சம் |
| 20 ஆண்டு | 8,678 | 10.83 லட்சம் | 20.83 லட்சம் |
| 30 ஆண்டு | 7,689 | 17.68 லட்சம் | 27.68 லட்சம் |

காலம் இரட்டிப்பாகும்போது தவணை பாதியாகக் குறையும் என்று பலர் நினைக்கிறார்கள். 15 ஆண்டை 30 ஆக்கினால் தவணை 22 சதவீதம்தான் குறைகிறது. வட்டியோ இரண்டு மடங்குக்கும் மேலே போகிறது.

காரணம் எளிது. முதல் மாதம் 10 லட்சத்துக்கு வட்டி 7,083. எந்தக் காலத்தைத் தேர்ந்தெடுத்தாலும் அது மாறாது. 20 ஆண்டுக் கடனில் தவணையிலிருந்து இந்த வட்டி போக 1,595 அசலுக்குப் போகிறது. 30 ஆண்டுக் கடனில் அசலுக்கு மிஞ்சுவது 606. அதாவது அந்த 989-ஐ மிச்சம் பிடித்தது முழுக்க அசலின் பங்கிலிருந்துதான். வட்டியிலிருந்து ஒரு காசுகூட இல்லை. அசல் கரையாதவரை வட்டியும் குறையாது.

இதன் விளைவு பத்தாம் ஆண்டு முடிவில் பளிச்சென்று தெரியும். 30 ஆண்டுக் கடன்காரர் அதுவரை 9.23 லட்சம் கட்டியிருப்பார். பாக்கி எவ்வளவு? 8.86 லட்சம். வாங்கிய தொகைக்குக் கிட்டத்தட்டச் சமமாகக் கட்டிவிட்டு, வாங்கிய தொகைக்குக் கிட்டத்தட்டச் சமமாகவே கடனும் வைத்திருக்கிறார். அவருடைய அசல் பாதியாவது 22 ஆண்டு 9 மாதம் கழித்து. 20 ஆண்டுக் கடனில்கூட 13 ஆண்டு 10 மாதம் ஆகிறது. பாதிக் காலம் போனால் பாதிக் கடன் தீர்ந்திருக்கும் என்ற நம்பிக்கையில் வீட்டை இடையில் விற்கப் போகிறவர்கள்தான் இதில் அதிகம் அடிபடுகிறார்கள்.

நீண்ட காலத்துக்கு ஆதரவான வாதம்

அதையும் நேர்மையாகக் கேட்க வேண்டும். பணவீக்கம் ஆண்டுக்கு 5 சதவீதம் என்று வைத்துக்கொண்டால், இருபதாம் ஆண்டு கட்டும் 8,678-க்கு இன்றைய மதிப்பு 3,270 அளவுதான். வருமானம் விலைவாசியோடு சேர்ந்து உயருமானால் தவணையின் பாரம் ஆண்டுக்கு ஆண்டு இலேசாகும். ஆகவே 27.68 லட்சத்தை இன்றைய பணமாக எண்ணிப் பயப்படுவது சரியான கணக்கு இல்லை.

வட்டி விகிதமும் முக்கியம். அதே 10 லட்சம் 4 சதவீதத்தில் கிடைத்தால் 20 ஆண்டுக்கும் 30 ஆண்டுக்கும் மொத்த வட்டியில் வித்தியாசம் 2.64 லட்சம்தான். குறைந்த வட்டி நிலவும் நாட்டில், காலம் முழுக்க மாறாத வட்டியோடு நீண்ட கடன் எடுப்பது நியாயமான தேர்வு. வட்டி 8, 9 என்று இருக்கும் இடத்தில் அதே அறிவுரையை அப்படியே எடுத்துக்கொள்வது ஆபத்து. கடன் பற்றிய கருத்துகள் நாடு விட்டு நாடு பரவுகிறபோது இந்த வித்தியாசம்தான் முதலில் காணாமல் போகிறது.

இன்னொரு வாதமும் உண்டு: 30 ஆண்டு ஒப்பந்தம் போட்டுக்கொண்டு, 20 ஆண்டுத் தவணையை நானாகவே கட்டுகிறேன்; கஷ்டம் வந்தால் குறைத்துக்கொள்ளலாம். கணக்குப்படி இது முழுக்கச் சரி. இரண்டின் வட்டி விகிதமும் ஒன்றாக இருந்து, கூடுதலாகக் கட்டுவதற்கு அபராதமும் இல்லையென்றால், கடன் சரியாக 20 ஆண்டில் முடியும், செலவும் அதேதான். வருமானம் நிலையில்லாதவர்களுக்கு நான் இதையே சொல்வேன். நிலையான சம்பளக்காரர்களுக்குச் சொல்ல மாட்டேன். கட்டாயமில்லாத 989 ஒவ்வொரு மாதமும் 240 முறை தவறாமல் போய்ச்சேர வேண்டும். அது தானாகப் பிடித்தமாகும்படி ஏற்பாடு செய்யாவிட்டால், மூன்றாம் ஆண்டுக்குள் வேறு செலவு அதை விழுங்கிவிடும்.

நிலையான வட்டியா, மாறும் வட்டியா

இந்த ஒப்பீட்டில்தான் பலர் பெரிய தொகையை இழக்கிறார்கள். அதுவும் தெரியாமலே.

நாட்டுக்கு நாடு வழக்கம் வேறு. அமெரிக்காவில் 30 ஆண்டும் ஒரே வட்டி என்பது சாதாரணம். பிரிட்டனில் பெரும்பாலும் இரண்டு அல்லது ஐந்து ஆண்டுக்கு மட்டும் வட்டி நிலையாக இருக்கும். அதன் பிறகு புது ஒப்பந்தம் தேட வேண்டும். கனடாவில் ஐந்து ஆண்டு ஒப்பந்தம் பரவலானது. இந்தியாவில் வீட்டுக் கடன்கள் பெரும்பாலும் மாறும் வட்டியில் இருக்கின்றன. நிலையான வட்டி தொடக்கத்தில் சற்று அதிகமாக இருந்தால், அந்தக் கூடுதலைக் காப்பீட்டுக் கட்டணம்போல எடுத்துக்கொள்ள வேண்டும்: வட்டி ஏறும் அபாயத்தை வங்கி தாங்குகிறது, அதற்கு அது விலை கேட்கிறது.

மாறும் வட்டியில் விகிதம் ஏறும்போது இரண்டு வழி. தவணையை உயர்த்தலாம், அல்லது தவணையை அப்படியே விட்டுவிட்டுக் காலத்தை நீட்டலாம். இரண்டாவது வலிக்காது. மாதம் பிடித்தமாகும் தொகை மாறவில்லை என்பதால் ஏதோ நடந்திருக்கிறது என்றே பலருக்குத் தெரியாது. என் கணக்கைப் பாருங்கள். 20 ஆண்டுக் கடனில் இரண்டு ஆண்டு முடிந்ததும் வட்டி 8.5-லிருந்து 10.5 ஆகிறது. பாக்கி 9.58 லட்சம். தவணையை உயர்த்தினால் 9,893. மாதம் 1,215 அதிகம், மீதி 18 ஆண்டில் முடிந்துவிடும். தவணையை 8,678-லேயே நிறுத்தினால்? மீதிக் காலம் 18 ஆண்டிலிருந்து 32 ஆண்டுக்கு மேல் போகிறது. வட்டி அங்கேயே நின்றால் இரு வழிக்கும் மொத்தச் செலவில் 12 லட்சத்துக்கு மேல் வித்தியாசம். இது வாங்கிய கடனைவிட அதிகம்.

வட்டி 11 சதவீதம் ஆனால் நிலைமை இன்னும் மோசம். அந்த மாத வட்டியே 8,786; தவணை 8,678. கட்டிக்கொண்டே இருக்கும்போது அசல் ஏறும்.

இது ஏட்டுக் கணக்கு மட்டும் இல்லை. 2022 மே தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் இந்திய ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம், அதாவது வங்கிகளுக்கு அது கடன் தரும் வட்டி, 4 சதவீதத்திலிருந்து 6.5 ஆனது; வீட்டுக் கடன் வட்டியும் ஏறி, கடன் காலங்கள் நீண்டன. கனடாவில் அதே காலகட்டத்தில், தவணை மாறாத மாறும்வட்டிக் கடன்கள் சிலவற்றில் தவணை வட்டிக்கே போதாமல் போயிற்று. 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஓர் உத்தரவு போட்டது: வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் சேர்த்துச் செய்வதா என்ற தேர்வைக் கடன் வாங்கியவருக்கே தர வேண்டும், நீட்டுவதால் அசல் ஏறும் நிலை வரக் கூடாது. தேர்வு தரப்படுகிறது என்பது நல்லது. அந்தக் கடிதமோ குறுஞ்செய்தியோ வருகிற நாளில் படித்துப் பதில் சொல்ல வேண்டியவர் நாம்தான். முடிந்தவரை தவணையை உயர்த்துங்கள். முழுவதும் முடியாவிட்டால் பாதியாவது உயர்த்துங்கள்.

கையில் 50,000 வந்தால்

முன்கூட்டிக் கட்டுவதில் தொகையைவிடக் காலம்தான் பேசும். 20 ஆண்டுக் கடனில் முதல் ஆண்டு முடிவில் 50,000 கட்டினால், தவணை மாறாமல், கடன் 26 மாதம் முன்னதாக முடியும், சுமார் 1.78 லட்சம் வட்டி மிச்சம். அதே 50,000-ஐப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் மிச்சம் 24,000 அளவுதான்.

கட்டிய பிறகு வங்கி கேட்கும் கேள்வி ஒன்று உண்டு, அல்லது கேட்காமலே அதுவாக முடிவுசெய்யும்: காலத்தைக் குறைக்கவா, தவணையைக் குறைக்கவா? முதல் ஆண்டில் கட்டிய அந்த 50,000-க்குத் தவணையைக் குறைத்தால் மாதம் 443 இலேசாகும்; மொத்த மிச்சம் 51,000 அளவு. காலத்தைக் குறைத்தால் 1.78 லட்சம். ஒரே பணம், ஒரே நாள், ஒரு படிவத்தில் ஒரு குறி மட்டும் வேறு. எழுத்தில் கேட்டு வாங்குங்கள்.

பெரிய தொகை ஒருபோதும் கையில் சேராது என்பவர்களுக்கு, ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டும் வழி இருக்கிறது. 20 ஆண்டுக் கடன் 16 ஆண்டு 9 மாதத்தில் முடியும். 2 லட்சத்துக்கு மேல் வட்டி மிச்சம்.

அந்தப் பணத்தை முதலீடு செய்தால் என்ன என்று கேட்பார்கள். 8.5 சதவீதக் கடனை அடைப்பது 8.5 சதவீத உறுதியான வருமானத்துக்குச் சமம். முதலீடு வரி போக அதைத் தாண்ட வேண்டும், நிச்சயமாகவும் தாண்ட வேண்டும். சந்தை அப்படி உறுதி தருவதில்லை. கடன் வட்டி 3, 4 சதவீதமாக இருந்தால் முதலீட்டின் பக்கம் சாய்வேன். வரிச்சலுகை இருந்தால் வட்டியின் உண்மையான விகிதம் இன்னும் இறங்கும். அதையும் கழித்துப் பாருங்கள். ஆனால் அவசரத்துக்கென்று சில மாதச் செலவைத் தனியே வைக்காமல் கையிலுள்ளதையெல்லாம் கடனில் போடாதீர்கள். வங்கியில் கட்டிய அசலை நினைத்த நேரத்தில் திரும்ப எடுக்க முடியாது. எடுக்க இடம் தரும் ஓவர்டிராஃப்ட் வகைக் கடன்கள் உண்டு. வட்டி சற்று கூடுதலாக இருந்தாலும், பெரிய தொகை அடிக்கடி கணக்கில் தங்கும் தொழில்காரர்களுக்கு அவை பொருந்தும்.

குறைந்த வட்டியும் கட்டணமும்

ஒரு வங்கி 8.5 சதவீதம், கட்டணம் இல்லை என்கிறது. இன்னொன்று 8.25, ஆனால் செயலாக்கக் கட்டணம் 2 சதவீதம், அதாவது 20,000. இருபது ஆண்டும் வைத்திருந்தால் இரண்டாவதில் வட்டி 37,800 அளவு குறைகிறது. கட்டணம் போக ஆதாயம்தான். ஐந்தே ஆண்டில் வீட்டை விற்றாலோ வேறு வங்கிக்கு மாறினாலோ வட்டியில் மிச்சமானது 12,400. கட்டணத்தில் போனது 20,000. எட்டு ஆண்டு தாண்டினால்தான் அந்தக் கட்டணம் திரும்பி வரும். கட்டணத்தையும் சேர்த்து ஒரே விகிதமாகச் சொல்லும் ஆண்டுச் சதவீத விகிதத்தைக் கேளுங்கள். அமெரிக்காவில் 1968-லேயே இதைச் சட்டம் கட்டாயமாக்கியது. அந்த விகிதமும் நீங்கள் கடைசிவரை இருப்பீர்கள் என்று வைத்துக்கொண்டே போடப்படுவது என்பதை மறக்க வேண்டாம்.

'5 சதவீதம்தான்' என்று யாராவது சொன்னால், அது அசல் குறையக் குறையக் கணக்கிடும் வட்டியா, தொடக்க அசல்மீதே கடைசிவரை போடும் வட்டியா என்று கேளுங்கள். இரண்டாவது என்றால் 20 ஆண்டுக்கு அது ஏறக்குறைய 8 சதவீதம்.

கடனோடு சேர்த்துத் தரப்படும் காப்பீட்டின் பிரீமியம் 30,000 என்று வையுங்கள். கையிலிருந்து கட்டினால் 30,000. கடனில் ஏற்றிவிட்டால் 20 ஆண்டில் 62,000-க்கு மேல். வேண்டுமானால் காப்பீட்டைத் தனியாக எடுங்கள்.

தவணை விடுப்பு இன்னொன்று. கடனின் தொடக்கத்திலேயே ஆறு மாதம் கட்டாமல் இருந்து, அந்த வட்டி அசலில் ஏறினால், அதே தவணையில் 240 மாதத்துக்குப் பதிலாக 270 மாதம் கட்ட வேண்டிவரும். வேலை போன குடும்பத்துக்கு அது உயிர்மூச்சு. எடுத்தே ஆக வேண்டும். சம்பளம் வந்துகொண்டிருக்கும்போது எடுத்தால், ஆறு மாத ஓய்வுக்கு முப்பது தவணை விலை.

கையெழுத்துக்கு முன் வங்கியிடம் முழுத் தவணை அட்டவணையைக் கேளுங்கள். ஒவ்வொரு மாதமும் அசலுக்கு எவ்வளவு, வட்டிக்கு எவ்வளவு என்று பிரித்துக் காட்டும் தாள் அது. முதல் பன்னிரண்டு வரிகளில் அசல் பத்தியை மட்டும் கூட்டுங்கள். 20 ஆண்டுக் கடனில், ஓராண்டு கட்டிய 1.04 லட்சத்தில் கடன் குறைந்தது 19,900. 30 ஆண்டுக் கடனில், கட்டிய 92,000-த்தில் 7,560.