உப்புக்காற்றில் 15 வருடம்: எங்கள் வீட்டு லேண்ட்லைன் வயர்கள்

பெசன்ட் நகரில் கடலுக்கு மூன்று தெரு தள்ளி எங்கள் வீடு. கேட்டுக்கு எத்தனை முறை பெயின்ட் அடித்தாலும் ஒரு வருடத்தில் துரு எட்டிப் பார்த்துவிடும். அதே காற்றில்தான் எங்கள் லேண்ட்லைனும் 15 வருடமாக ஓடுகிறது. அம்மாவுக்குக் காது சற்று மந்தம். ரிசீவரை அழுத்திப் பிடித்துப் பேசினால்தான் பேசிய மாதிரி இருக்கும் அவருக்கு. அதனால் இந்த லைன் போகக்கூடாது என்பதில் எனக்கு அக்கறை அதிகம்.

முதல் சில வருடங்கள் கொரகொரவென்று சத்தம் வந்தாலே புகார் கொடுத்துவிடுவேன். ஒருமுறை வந்த லைன்மேன், "வெளியில லைன் நல்லாத்தான் சார் இருக்கு, இங்க பாருங்க" என்று சுவரில் இருந்த ரோசெட் பெட்டியை (வெளி லைனும் வீட்டு வயரும் சேரும் சின்னப் பெட்டி) திறந்து காட்டினார். ஸ்க்ரூவில் சுற்றியிருந்த செம்புக் கம்பி பச்சை பூத்திருந்தது. அரை அங்குலம் வெட்டி, புதிதாகச் சீவி, இறுக்கினார். சத்தம் நின்றுவிட்டது. அன்றிலிருந்து செம்பு லைன் இருந்தவரை ஒவ்வொரு வருடமும் மழைக்காலம் முடிந்ததும், பொங்கலுக்கு வீடு துடைக்கும்போது இந்த வேலையையும் செய்துவந்தேன். ஈரக்கையோடு மட்டும் தொடக்கூடாது. சும்மா இருக்கும் லைனில் சுமார் 48 வோல்ட் டிசி. மணி அடிக்கும்போது அதன்மேல் 75 வோல்ட் அளவுக்கு ஏசி வரும், சுரீரென்று இழுக்கும்.

ஃபோன் பேச இரண்டே கம்பி போதும். சுவர் ஜாக்கில் சொருகும் ஆர்ஜே 11 பின்னில் (ஃபோன் வயர் முனையில் உள்ள சின்ன பிளாஸ்டிக் பின்) ஆறு இடம் இருந்தாலும், லைன் வருவது நடுவில் உள்ள இரண்டில்தான். ரிசீவரின் சுருள் வயர் வேறு சாதி. அதன் முனையில் உள்ள பிளாஸ்டிக் பின் இன்னும் சிறியது, நாலு இடம், நாலு கம்பி. அதைச் சுவர் ஜாக்கில் சொருகினால் லொடலொடவென்று ஆடும். அந்தச் சுருள் வயர் அறுந்தால் ஒட்டுப்போடப் பார்க்காதீர்கள். உள்ளே இருப்பது நூலின் மேல் சுற்றிய மெல்லிய செம்புத் தகடு. சால்டர் வைத்தால் நூல் கருகிவிடும். புதிது வாங்குவதுதான் வழி.

எட்டுக் கம்பியுள்ள லேன் ஜாக்கில் ஆர்ஜே 11 பின் உள்ளே போகும், அதுதான் ஆபத்து. என் அக்கா மகன் அப்படிச் சொருகியதில் ஓரத்து இரண்டு கம்பிகள் வளைந்து, மோடத்தின் ஒரு போர்ட் போய்விட்டது.

அதிகம் அலைந்தது, ஃபோன் வரும் அதே செம்பு லைனில் நெட்டும் வந்த ஏடிஎஸ்எல் காலத்தில்தான். ஹாலிலிருந்து படுக்கையறைக்குப் பத்து மீட்டர் தட்டை வயர் இழுத்திருந்தேன். பேச்சு தெளிவாகக் கேட்கும், நெட் மட்டும் விட்டு விட்டு வரும். பேச்சு 4 கிலோ ஹெர்ட்ஸுக்குக் கீழே முடிந்துவிடுகிறது. நெட் அதற்கு மேலே வெகுதூரம் போகிறது. கம்பிகள் முறுக்கப்படாமல் பக்கம் பக்கமாக ஓடும் வயரில் டியூப்லைட், ஃபேன் ரெகுலேட்டர் இரைச்சல் எல்லாம் ஏறிக்கொள்ளும். லேன் கேபிளில் முறுக்கியிருக்கும் நீல ஜோடியை மட்டும் எடுத்து அதே தூரத்துக்கு இழுத்தேன், பேச்சையும் நெட்டையும் பிரிக்கும் ஸ்ப்ளிட்டரை ரோசெட் பக்கத்திலேயே வைத்தேன். அப்புறம் நெட் அறுபடவே இல்லை. தட்டை வயர் ஒன்றரை மீட்டருக்குச் சரி, அதற்கு மேல் வேண்டாம் என்பது என் முடிவு.

இரண்டு வருடத்துக்கு முன் ஃபைபருக்கு மாறினோம். ஃபைபர் மோடம் பெட்டியின் பின்னால் ஃபோனுக்கு அதே ஆர்ஜே 11 ஜாக்தான். ஒளியிழை வரும் பச்சை நிற கனெக்டரின் முனை 8 டிகிரி சாய்வாகத் தீட்டப்பட்டது. அதை நீல நிற கனெக்டரோடு சேர்க்கக்கூடாது, இரண்டின் முனையும் சரியாகப் பொருந்தாது.

ஒரே வருத்தம் கரண்ட். 2015 டிசம்பர் மழையில் எங்கள் தெரு இரண்டு நாள் இருட்டில் கிடந்தபோதும் டயல் டோன் இருந்தது, ஏனென்றால் செம்பு லைனுக்கு மின்சாரம் எக்ஸ்சேஞ்சிலிருந்தே வருகிறது. ஃபைபரில் அது கிடையாது, கரண்ட் போனால் பெட்டியும் ஃபோனும் போய்விடும். ரிச்சி தெருவில் ஒரு மினி யுபிஎஸ் வாங்கி வந்தேன். எங்கள் பெட்டிக்கு 12 வோல்ட், உங்களுடையதற்கு அடாப்டரில் எழுதியிருப்பதைப் பார்த்து வாங்குங்கள். மாட்டியதும் மெயின் சுவிட்சை அணைத்தேன். அம்மா ரிசீவரை எடுத்துக் காதில் வைத்து, "உய்ங்னு வருதுடா, போடு லைட்ட" என்றார்.