ஞாயிற்றுக்கிழமை ஓவனில் எது: ஸாப்பியெகான்காவா, சோம்பேறி கோவொம்ப்கியா, பாப்காவா?

போலந்தில் நவம்பர் கடைசி வந்துவிட்டால் மாலை நாலு மணிக்கே விளக்கைப் போட வேண்டும். அந்த நேரத்தில் ஓவன் சூடாகி, வெங்காயமும் புகைபோட்ட இறைச்சியும் சேர்ந்து வீடெல்லாம் மணந்தால் பாதிக் குளிர் போய்விடும். வ்ரொத்ஸ்வாஃப் நகரில் குடியேறிய முதல் குளிர்காலத்திலிருந்தே ஞாயிறு மதியம் ஓவனில் ஒரு பெரிய பாத்திரத்தை ஏற்றுவது எங்கள் வீட்டு வழக்கம். எதை ஏற்றுவது என்பதில்தான் ஒவ்வொரு வாரமும் பேச்சு. இங்கே புதிதாக வந்த நண்பர்களும் இதையே கேட்பதால், மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து எழுதிவிடுகிறேன்.

பிகோஸை இதில் சேர்க்கவில்லை. அது கோஸையும் இறைச்சியையும் போட்டு மூன்று நாள் திரும்பத் திரும்பச் சூடாக்கி ருசி ஏற்றும் சட்டி சமாசாரம், வேறு கணக்கு. போரெம்பா ஊரில் வார்ப்பிரும்புப் பானைக்குள் முட்டைக்கோஸ் இலையை விரித்து, உருளையும் சாசேஜும் அடுக்கி, தீமூட்டத்தில் வேகவைக்கும் ப்ரஜோன்கியும் எனக்கு உயிர். ஆனால் அதை அடுக்குமாடி வீட்டு ஓவனில் வைத்தால் விறகுப் புகை இல்லாமல் பாதிதான் கிடைக்கிறது. அதையும் விட்டுவிடுவோம்.

முதலில் ஸாப்பியெகான்கா. ஓவனில் மேல்பக்கம் முறுக வைப்பது என்பதிலிருந்து வந்த பெயர். கிராகூஃப் நகரின் நோவி சதுக்கத்தில் நின்று சாப்பிடும் ஸாப்பியெகான்கா வேறு. அது நீளமான ரொட்டியைப் பிளந்து காளானும் சீஸும் போட்டு வாட்டியது, 1970களில் பரவிய தெருச் சாப்பாடு. வீட்டில் இந்தப் பெயரைச் சொன்னால் அடுக்கடுக்காக வைத்துச் சுட்ட ட்ரே என்று அர்த்தம். நான் செய்வது உருளைக்கிழங்கு, புளிக்கவைத்த முட்டைக்கோஸ், கியெவ்பாசா என்ற புகைபோட்ட சாசேஜ், இந்த மூன்றும் சேர்ந்தது.

நாலு பேருக்கு 1 கிலோ உருளை, கபுஸ்தா கிஷோனா என்ற புளிக்கவைத்த கோஸ் 400 கிராம், 300 கிராம் கியெவ்பாசா, இரண்டு வெங்காயம், ஷ்மியெதானா என்ற புளித்த கிரீம் 200 மில்லி, மேலே தூவ 150 கிராம் சீஸ். கபுஸ்தா வாங்கும்போது பாக்கெட்டின் பின்பக்கத்தைப் படியுங்கள். கோஸ், உப்பு, கூடப் போனால் காரட், அவ்வளவுதான் இருக்க வேண்டும். ‘ஒட்செத்’, அதாவது வினிகர், என்று இருந்தால் வைத்துவிடுங்கள். அது புளிக்கவைத்தது இல்லை, புளிப்பு ஊற்றியது. ஒரு துண்டை வாயில் போட்டால் அந்த வித்தியாசம் தெரிந்துவிடும்.

முதல் தடவை நான் பச்சை உருளையை மெல்லிசாக நறுக்கி, கபுஸ்தாவோடு மாற்றி மாற்றி அடுக்கி ஓவனில் வைத்தேன். ஒன்றரை மணி நேரம் ஆகியும் கிழங்கு கடிபடவில்லை. மேலே சீஸ் கருகி, உள்ளே நறுக் நறுக்கென்று இருந்தது. பசியோடு காத்திருந்த குழந்தைகளுக்கு முட்டை பொரித்துக் கொடுக்க வேண்டியதாயிற்று. காரணம் எளிது: புளிப்பில் கிழங்கு வேகாது. புளி ஊற்றிய குழம்பில் பச்சைக் கிழங்கைப் போட்டவர்களுக்கு இது தெரியும். இங்கேயும் கபுஸ்தா போட்ட சூப்புக்கு உருளையைத் தனியாக வேகவைத்துச் சேர்ப்பவர்கள் உண்டு. அதனால் கிழங்கைத் தோலோடு முக்கால் வேக்காடு வேகவைத்து, ஆறியதும் உரித்து, வட்டமாக நறுக்கி அடுக்குங்கள். கபுஸ்தாவைப் பிழிந்து, ஒரு லாரல் இலையும் மூன்று ஆல்ஸ்பைஸும் போட்டு அரைமணி நேரம் தனியாக வதக்குங்கள். லாரல் இலைக்குப் பதில் பிரியாணிக்குப் போடும் பிரிஞ்சி இலையைப் போடாதீர்கள். அதன் வாசனை பட்டையின் பக்கம் போகிறது, இந்தச் சாப்பாட்டில் ஒட்டாது. ஷ்மியெதானாவில் 18 சதவீதக் கொழுப்புள்ளதை எடுத்து ஒரு ஸ்பூன் மைதா கலக்கிக்கொண்டால் சூட்டில் திரியாது. எல்லாம் ஏற்கெனவே வெந்தது என்பதால் 190 டிகிரியில் 35 முதல் 40 நிமிடம் போதும்.

இதன் பலம், தவறு நடக்க இடம் குறைவு. மீதியிருக்கும் எதையும் உள்ளே தள்ளலாம். இறைச்சி வேண்டாதவர்கள் கியெவ்பாசாவுக்குப் பதில் காளானை நன்றாக நீர் வற்ற வதக்கிப் போட்டு, புகைபோட்ட மிளகாய்த்தூளை ஒரு ஸ்பூன் தூவினால் அந்தப் புகை வாசம் வந்துவிடும். பன்றி மட்டும் வேண்டாம் என்பவர்கள் கோழி கியெவ்பாசா என்று எழுதியிருப்பதை அப்படியே நம்ப வேண்டாம். பொருட்பட்டியலில் ‘வியெப்ஷோவே’ என்ற சொல் இருக்கிறதா என்று பாருங்கள். அது பன்றி.

அடுத்து கோவொம்ப்கி. ‘குட்டிப் புறாக்கள்’ என்று பொருள். முட்டைக்கோஸ் இலைக்குள் அரைத்த இறைச்சியும் அரிசியும் வைத்துச் சுருட்டி, தக்காளிச் சாற்றில் வேகவைப்பது. முழு கோஸை வெந்நீரில் போட்டு ஒவ்வோர் இலையாக உரித்து, நடு நரம்பைச் சீவி, இருபது இருபத்தைந்து சுருள் சுருட்டுவதற்குள் அரைநாள் போய்விடும். அதனால்தான் இங்கே வேலைக்குப் போகிறவர்கள் வீட்டில் சோம்பேறி கோவொம்ப்கி நடக்கிறது. சுருட்டாமல் கோஸை நறுக்கி எல்லாவற்றையும் கலந்துவிடுவது. சிலர் வடை மாதிரி தட்டிப் பொரித்து சாஸில் போடுவார்கள், நான் ட்ரேயில் பரப்பிவிடுவேன்.

1 கிலோ கோஸைப் பொடியாக நறுக்கி உப்புப் பிசறி 20 நிமிடம் வைத்துப் பிழிய வேண்டும். அரைக் கிலோ கொத்திறைச்சி, 100 கிராம் அரிசி, ஒரு வெங்காயம், மார்ஜோரம் என்ற வாசனை இலை, மிளகு. மேலே அரை லிட்டர் தக்காளிச் சாறு. மூடி 180 டிகிரியில் ஒரு மணி நேரம், திறந்து 15 நிமிடம். அரிசி பாதிதான் வெந்திருக்க வேண்டும். முழுச் சோற்றைப் போட்டால் கடைசியில் குழைந்த கூழ்தான் மிஞ்சும்.

ருசி மென்மையானது, இனிப்புப் பக்கம் சாய்ந்தது. குழந்தைகளுக்கு மூன்றிலும் இதுதான் முதலில் காலியாகும். அரிசி இருப்பதால் நம் வீட்டுப் பெரியவர்களும் ஊரிலிருந்து வந்தால் தயங்காமல் கை வைக்கிறார்கள். ஆனால் சுருட்டிய கோவொம்ப்கியோடு வைத்துப் பார்த்தால் சோம்பேறி வகை தோற்றுவிடும் என்றுதான் சொல்வேன். சுருளில் இலை தனியாக மெத்தென்று கடிபடும், உள்ளே சாறு பிடித்து நிற்கும். கலந்துவிட்டால் அந்த இரண்டும் போகிறது. கிறிஸ்துமஸுக்கு முந்தைய இரவு விருந்தில் இறைச்சி கிடையாது. அன்றைக்கு பக்வீட் என்ற தானியமும் உலர்ந்த காட்டுக்காளானும் வைத்துச் செய்யும் கோவொம்ப்கி உண்டு. சைவக்காரர்கள் அதை வருஷம் முழுக்க நம்பலாம். உதிரியாக நிற்கும் அந்தப் பூரணம் ட்ரேயில் பரப்பினாலும் கெடுவதில்லை.

இனி பாப்கா. கேக் பாப்கா இல்லை, உருளைக்கிழங்கு பாப்கா. வடகிழக்கே பியாவிஸ்தோக் நகரைச் சுற்றியுள்ள போட்லாசியே பகுதியின் சாப்பாடு. அங்கே சுப்ராஷ்ல் என்ற சின்ன ஊரில் இதற்கென்று உலகச் சாம்பியன் போட்டியே நடத்துகிறார்கள். பச்சை உருளையைத் துருவி, வெங்காயமும் புகைபோட்ட பன்றி வயிற்றிறைச்சியும் முட்டையும் சேர்த்து, ரொட்டி டின்னில் ஊற்றிச் சுடுவது. கேட்க ஒன்றுமில்லாதது போல இருக்கும். எங்கள் மாடியில் இருக்கும் பியாவிஸ்தோக்காரப் பாட்டி ஒரு தட்டில் சுடச்சுடக் கொண்டுவந்து கொடுக்கும் வரை நானும் அப்படித்தான் நினைத்தேன்.

அவர் செய்ததைப் பக்கத்தில் நின்று பார்த்துக் கற்றேன். ஒன்றரைக் கிலோ உருளையை சின்னக் கண் துருவியில், கூழாக வரும்படி துருவினார். இரண்டு கிழங்குக்கு ஒருமுறை வெங்காயத்தையும் கூடவே துருவினார், கிழங்கு சீக்கிரம் கறுக்காது என்று. துருவலை ஒரு வடிதட்டில் கொட்டி, கீழே கிண்ணம் வைத்து, பத்து நிமிடம் தொடவே இல்லை. “பானி, தண்ணீரைக் கொட்டிவிடவா?” என்று நான் கிண்ணத்தைத் தூக்கினேன். (‘பானி’ என்றால் இங்கே ‘அம்மா’ என்று மரியாதையாகக் கூப்பிடுவது.) கையைப் பிடித்து நிறுத்தினார். மேலே நின்ற செம்பழுப்புத் தண்ணீரை மெதுவாகச் சாய்த்து ஊற்றியபின், அடியில் சுண்ணாம்பு பூசியது போல வெள்ளையாக மாவு படிந்திருந்தது. அதை விரலால் வழித்துத் துருவலிலேயே சேர்த்தார். பாப்காவை வெட்டும்போது உடையாமல் பிடித்து நிறுத்துவது அந்த மாவுதான் என்றார்.

அப்புறம் 250 கிராம் வயிற்றிறைச்சியைப் பொடியாக வெட்டி, இன்னொரு வெங்காயத்தோடு பொன்னிறமாக வதக்கி, உருகிய கொழுப்போடு சேர்த்தே கொட்டினார். இரண்டு முட்டை, மூன்று ஸ்பூன் மைதா, உப்பு, மிளகு, தாராளமாக உலர்ந்த மார்ஜோரம். டின்னில் கொழுப்புத் தடவி 180 டிகிரியில் ஒன்றேகால் மணி நேரம். மேல்பக்கம் கருஞ்செம்மையாக, ஓரங்கள் டின்னைவிட்டு லேசாக விலகி நிற்க வேண்டும். எடுத்தவுடன் வெட்டாதீர்கள், 15 நிமிடம் பொறுங்கள். மூலைத் துண்டுக்கு எங்கள் வீட்டில் சண்டை நடக்கும். மூன்று பக்கமும் முறுகல், நடுவில் அல்வா மாதிரி வழுவழுப்பு.

சேர்க்கும் வாசனைப் பொருளில் ஓர் எச்சரிக்கை. கடையில் ‘க்மினெக்’ என்று இருப்பதைப் பார்த்துச் சீரகம் என்று எடுத்துவிடுவார்கள். அது காரவே விதை. பார்க்க அப்படியே இருக்கும், வாசனை வேறு, கபுஸ்தாவுக்கு மிகப் பொருத்தம். நம் சீரகத்துக்கு இங்கே பெயர் ‘ரோமானியச் சீரகம்’. அதை பாப்காவில் போட்டுப் பார்த்தேன், மார்ஜோரத்தை அடித்து உட்கார வைத்துவிட்டது. வேண்டாம்.

சரி, எதைச் செய்வது? முதல் தடவை போலந்துச் சாப்பாடு சமைக்கிறீர்கள், ஏழெட்டுப் பேர் வருகிறார்கள் என்றால் ஸாப்பியெகான்காதான். காலையிலேயே அடுக்கி வைத்துவிட்டு, ஆட்கள் வந்ததும் ஓவனில் ஏற்றலாம். புளிப்பும் புகையும் சேர்ந்து, போலந்து ருசி என்ன என்பதை ஒரே கரண்டியில் காட்டுவதும் அதுதான். சின்னக் குழந்தைகள் இருந்தால் சோம்பேறி கோவொம்ப்கி. அரைநாள் கையில் இருந்தால் தயவுசெய்து சுருட்டியே செய்யுங்கள். நாலு பேர் மட்டும், வெளியே பனி, அவசரமில்லை என்றால் பாப்கா. அதில் விலை உயர்ந்த பொருள் ஒன்றுமே இல்லை, கை வலிக்கத் துருவினதுக்கு மேல் எதையும் கேட்காது. ஆனால் முன்கூட்டித் துருவி வைக்க முடியாது. துருவிய கையோடு ஓவனுக்குப் போக வேண்டும்.

மறுநாள் கணக்கிலும் மூன்றும் ஒன்றில்லை. ஸாப்பியெகான்கா மைக்ரோவேவில் சூடாகிறது, மேல் முறுகல் மட்டும் போய்விடும். கோவொம்ப்கி மறுநாள் இன்னும் நன்றாக இருக்கும், தக்காளி உள்ளே இறங்கியிருக்கும். பாப்காவை ஃபிரிட்ஜில் இரவு வைத்து, காலையில் விரல் கனத்துக்குத் துண்டு போட்டு, தோசைக்கல்லில் எண்ணெய் ஊற்றாமல் அதன் கொழுப்பிலேயே இரண்டு பக்கமும் வாட்டுங்கள். போட்லாசியேவில் இதோடு ஒரு டம்ளர் ‘ஸ்யாத்வே ம்லெகோ’ வைப்பார்கள், தானாக உறைந்த புளிப்புப் பால், கிட்டத்தட்ட நம் தயிர். போன திங்கட்கிழமை டப்பாவில் கட்டிக்கொண்டு போக நாலு துண்டு எடுத்து வைத்திருந்தேன். கல்லிலிருந்து இறக்குவதற்குள் மூன்று போய்விட்டது.