மாங்காய் வியாபாரம்: பூவில் பேசுவதா, முற்றிய பின்பா, ஸலமா?

யாழ்ப்பாணத்தில் மாமரம் பூத்ததுமே வியாபாரி வளவுக்கு வந்து, "இந்தமுறைக் காய்ப்பை எவ்வளவுக்குத் தாறீங்கள்?" என்று கேட்பதுண்டு. கறுத்தக்கொழும்பான் இன மா என்றால் போட்டி கூட. வளவுக்காரருக்கு உடனே காசு, வியாபாரிக்கு மலிவு விலை. ஆனால் ஒரு மழையில் பூக் கருகினால் முழு நட்டமும் ஒருவர் தலையில்.

பழம் பக்குவப்படுவது தெரியும்வரை விற்க வேண்டாம் என்று நபி (ஸல்) அவர்கள் விற்பவர், வாங்குபவர் இருவரையும் தடுத்ததாக நபித்தோழர் இப்னு உமர் (ரழி) அறிவிக்கிறார். புகாரி ஹதீஸ் தொகுப்பில் இன்னொரு தோழர் ஸைத் பின் ஸாபித் (ரழி) காரணத்தையும் சொல்கிறார்: பறிக்கிற நேரத்தில் வாங்கியவர், பழம் கெட்டுவிட்டது, நோய் பிடித்துவிட்டது என்று வழக்குக்கு வருவார், சச்சரவு பெருகியதால்தான் நபியவர்கள் அப்படிச் சொன்னார்கள். நம்மூர்ச் சண்டையும் அச்சொட்டாக இதுதான். அதனால் பூவில் பேசுவதை விட்டுவிடுங்கள். ஊறுகாய்க்குப் பிஞ்சை உடனே பறிப்பதாகப் பேசி விற்றால் தடையில்லை.

காய் முற்றியபின் மரத்தோடு விற்கலாம். அப்புறம் காற்றடித்துக் கொட்டினால்? அனர்த்தம் தாக்கிய பழத்துக்கு உன் சகோதரனிடம் காசு எடுப்பது ஆகாது என்கிறது முஸ்லிம் ஹதீஸ் தொகுப்பில் உள்ள ஜாபிர் (ரழி) அறிவிப்பு. மத்ஹப் எனும் சட்டப் பிரிவுகளில் ஹன்பலிகள் இதைக் கட்டாயமாக்குகிறார்கள். மாலிகிகள் இழப்பு மூன்றிலொன்றை எட்டினால்தான் கட்டாயம் என்கிறார்கள். நம் நாட்டில் பெரும்பாலும் பின்பற்றும் ஷாபிஈ மத்ஹபில், ஒப்படைத்தபின் நட்டம் வாங்கியவருடையது, கழித்துக் கொடுப்பது விரும்பத்தக்கது. கட்டாயமில்லை என்றாலும் கழித்துக் கொடுங்கள். விழுந்த காய்க்கு வாங்கிய காசில் என்ன பரக்கத் (இறையருள்) இருக்கப்போகிறது?

சரி, காசு முன்கூட்டியே தேவை என்றால்? அதற்குத்தான் ஸலம், அதாவது முழு விலையை முன்பே கொடுத்து, பொருளைப் பின்னர் பெறும் வியாபாரம். மதீனாவாசிகள் ஓரிரு வருடத்துக்கு முன்பே பேரீச்சைக்குப் பணம் கொடுத்து வந்தார்கள். நபியவர்கள் அதை நிறுத்தவில்லை. அளவும் நிறையும் தவணையும் தெரிந்திருக்கட்டும் என்றார்கள். இன்ன இனம், இன்ன தரம், 200 கிலோ, இன்ன திகதி, யாழ்ப்பாணத் திருநெல்வேலிச் சந்தையில் ஒப்படைப்பு என்று பேசி, முழுக் காசையும் அந்த இடத்திலேயே கொடுத்துவிட வேண்டும். பாதி அட்வான்ஸ், மீதி பிறகு என்பது ஷாபிஈ மத்ஹபில் செல்லாது. 'இந்த மரத்துப் பழம்' என்றும் கட்டக்கூடாது. விற்றவரின் மரம் காய்க்காவிட்டால் அவர் வேறெங்காவது வாங்கியாவது கொடுக்க வேண்டும்.

அதனால் வளவில் ஒற்றை மரம் வைத்திருப்பவருக்கு ஸலம் சரிவராது, முற்றும்வரை பொறுப்பதே நல்லது. வெங்காயச் செய்கைக்காரருக்கோ ஸலம்தான் பொருத்தம். மண்ணுக்குள் கிடக்கும் வெங்காயத்தைக் கண்ணால் பாராமல் விற்பதை ஷாபிஈ மத்ஹப் ஏற்பதில்லை. ஸலமாகக் கிலோ பேசி, கிண்டியபின் நிறுத்துக் கொடுப்பதற்கு அங்கே தடையே இல்லை.