பீட்டர் லோரே திரையிடல்: மூன்று சனிக்கிழமைகள்

புதுச்சேரி மிஷன் வீதிக்கு அருகே ஒரு மாடியறையில் இயங்கும் சிறு திரைப்படக் கழகம், பீட்டர் லோரே நடித்த மூன்று படங்களை அடுத்தடுத்த சனிக்கிழமைகளில் திரையிட்டது. மூன்றுக்கும் சேர்த்துக் கட்டணம் 300 ரூபாய்.

1904-இல் அன்றைய ஆஸ்திரிய-ஹங்கேரிப் பேரரசில் யூதக் குடும்பத்தில் பிறந்த லோரே, 1931-இல் ஃபிரிட்ஸ் லாங்கின் 'எம்' படத்தில் குழந்தைகளைக் கொல்பவனாக நடித்துப் புகழ்பெற்று, ஹிட்லர் ஆட்சிக்கு வந்த 1933-இல் ஜெர்மனியை விட்டு வெளியேறினார். மறு ஆண்டு ஹிட்ச்காக் படத்தில், ஆங்கிலம் சரிவரத் தெரியாமலே, வசனங்களை ஒலியாக மனப்பாடம் செய்து பேசினார். (தமிழ் தெரியாத நடிகர்களின் உதட்டசைவைப் பார்த்துப் பழகிய நமக்கு இந்த உழைப்பின் அருமை எளிதில் விளங்கும்.)

மூன்றாவதான 'காசாபிளாங்கா'வில் (1942) அவர் சில நிமிடங்களே வருகிறார் என்றாலும், தப்பியோடும் அகதிகளுக்குப் பயண ஆவணம் விற்பவனாக ஓர் அகதியே நடிக்கும்போது, அந்தக் கெஞ்சும் கண்களும் தணிந்த குரலும் வெறும் நடிப்பாகத் தோன்றவில்லை. படம், ஹிட்லரின் ஜெர்மனியோடு ஒத்துழைத்த பிரெஞ்சு அரசான விஷி அரசின் பிடியிலிருந்த மொராக்கோவில் நிகழ்கிறது. அன்று பிரெஞ்சு ஆட்சியிலிருந்த நம் புதுச்சேரியோ, ஜெர்மனியை எதிர்த்துப் போரைத் தொடர்ந்த பிரெஞ்சுத் தளபதி தெகோலின் பக்கம் 1940-இலேயே சேர்ந்துவிட்டது என்பதை அறிமுகவுரையாளர் சுட்டியது பொருத்தம்.

ஒலியமைப்பு தெளிவு. ஆனால் 'எம்' படத்தின் துணைத்தலைப்புகள் வசனத்துக்குப் பிந்தியே வந்ததால், இறுதி விசாரணைக் காட்சியில் லோரேயின் கதறலைப் பொருள் புரியாமல் கேட்க நேர்ந்தது.